எல்லை தாண்டிய காப்பு

எங்களை எரிமலைக்கு அனுப்பிவைத்தவள் எங்கள் மகள் நித்யா. அனுப்பிவைத்தாள் என்பது மரியாதைக்குச் சொல்வது. ஒரு பகல் முழுக்க நாங்கள் ஆஸ்பத்திரிப் பக்கம் தலைகாட்டாமல் இருக்க வேண்டும் என்று அவள் நினைத்தாள். பிரெஞ்சு ஆட்சியில் இருக்கும் ரெயூனியன் தீவில் அதற்கு எரிமலையைவிடத் தோதான இடம் கிடையாது.

நித்யாவுக்கு அப்போது ஆறாம் மாதம். முதல் கர்ப்பம் தங்கவில்லை. இந்த முறை ஸ்கேன் எடுத்தவர், குழந்தையின் இருதயத்தில் ஓர் இடம் சரியாகத் தெரியவில்லை, பெரிய டாக்டர் பார்த்துச் சொல்லட்டும் என்று எழுதிவிட்டார். பிரசவத்துக்குப் போவதற்காக நான் முன்கூட்டியே வாங்கி வைத்திருந்த விசா கைகொடுத்தது. போன் வந்த அந்த வாரமே புதுச்சேரிப் பக்கம் ஒதியம்பட்டில் இருக்கும் வீட்டைப் பூட்டி, சாவியைத் தம்பியிடம் கொடுத்துவிட்டு, நானும் என் மனைவி அஞ்சலாட்சியும் விமானம் ஏறிவிட்டோம்.

மாப்பிள்ளையின் தாத்தா பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக இருந்தவர். அந்த வழியில் வந்த குடியுரிமையோடு, எங்கள் பக்கம் கல்யாணச் சந்தையில் அதற்கு இருக்கிற எல்லா மதிப்போடும், அவர் இந்தத் தீவில் மின்சார வேலை பார்க்கிறார். நல்ல பையன். மாமனார் பேசும்போது குறுக்கே பேச மாட்டார். அதற்கு என் மகள் இருக்கிறாள்.

"யப்பா, நாளைக்கு நீயும் அம்மாவும் எரிமல பாக்கப் போறீங்க. பஸ்ஸு வூட்டாண்டயே வந்துடும்" என்றாள், சாப்பாட்டு மேசையில்.

"நாளைக்குத்தானே பெரிய டாக்டர் பார்க்கிறார்?"

"அதனாலதான். நீ அங்க வந்து டாக்டர்கிட்ட ரூல்ஸ் பேசுவ. அம்மா பெஞ்சில உக்காந்துகினு அழும். எனக்கு பிரஷர் ஏறும். மிஷின்ல என் பிரஷர்தான் தெரியும், கொழந்த தெரியாது."

மாப்பிள்ளை ரொட்டியை மிகுந்த கவனத்தோடு அறுத்துக்கொண்டிருந்தார். அஞ்சலாட்சி எதுவும் சொல்லவில்லை. அது எனக்கு ஆச்சரியமாக இருந்தது. அவள் வழக்கமாக இப்படிப்பட்ட இடத்தில் நிறையச் சொல்வாள்.

வந்த நாள் முதலே அவள் சரியாக இல்லை. முதல் நாள் மாப்பிள்ளை ஆசையாகச் சமைத்த கோழிக் குழம்பை வயிறு சரியில்லை என்று ஒதுக்கினாள். இரண்டாம் நாள் மீன். அதற்கும் வயிறு. மூன்றாம் நாள் முட்டைக்கும் வயிறு சரியில்லாமல் போனபோது டாக்டரைப் பார்க்கலாமா என்றேன். "ரசம் வெச்சி சாப்ட்டா செரியாப் பூடும்" என்றாள். தரையில் படுத்தாள். கேட்டால் அந்த ஊர் மெத்தை முதுகைப் பிடிக்கிறதாம். மகள் கவலைதான் தாயை இப்படி ஆட்டுகிறது என்று நானாக ஒரு முடிவுக்கு வந்து அந்த விஷயத்தை மூடிவிட்டேன். கொம்யூன் பஞ்சாயத்து அலுவலகத்தில் ஆயுள் முழுக்கக் கோப்பு பார்த்தவன் நான். பாதி விஷயங்களை அப்படித்தான் முடித்திருக்கிறேன்.

தீவைப் பற்றியும் சொல்ல வேண்டும். கடலோரம் முழுக்கக் கரும்பு. கண்ணை மூடித் திறந்தால் நெட்டப்பாக்கம் பக்கம் போவதுபோலத்தான் இருக்கும். ஆனால் கரும்பு முடிகிற இடத்தில் மலை தொடங்கி மேகத்துக்குள் போய்விடுகிறது. எங்கள் பக்கம் மலையே கிடையாது. புதுச்சேரியில் ஆகப் பெரிய உயரம் கோரிமேடு. அதற்கு மேடு என்று பெயர் வைத்ததே பெரிய மனசு.

மறுநாள் விடியும் முன்பே பஸ் வந்தது. பஸ் என்றால் எங்கள் ஊர் டெம்போ டிராவலரின் வெள்ளைக்காரத் தம்பி. ஓட்டுநர், வழிகாட்டி, சமையல் மேற்பார்வை எல்லாம் ஒரே ஆள். நாற்பது வயது இருக்கும். எங்கள் தெருவில் நிற்கவைத்தால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள், அப்படி ஒரு முகம். பெயர் ழெரோம் முத்துசாமி. நான் உற்சாகமாகத் தமிழில் எந்த ஊர் என்று விசாரித்தேன். அவர் சிரித்துக்கொண்டே கைகூப்பி "வணக்கம்" என்றார். அதோடு அவருடைய தமிழ் முடிந்தது. அவருடைய முன்னோர்கள் கரும்பு வெட்ட இங்கே கப்பலில் வந்தவர்கள். பெயரும் முகமும் மிச்சம், பேச்சு போய்விட்டது.

நான் பள்ளியில் பிரெஞ்சு படித்தவன். நான் பேசுவது அவர்களுக்குப் புரிகிறது. அவர்கள் பேசுவதுதான் எனக்கு முக்கால்வாசி புரிவதில்லை. முத்துசாமி பேசிய கிரியோல் பிரெஞ்சில் அந்த முக்கால் இன்னும் கொஞ்சம் கூடியது. அதனால் அவர் சொன்னதாக இங்கே நான் எழுதுவதெல்லாம் புரிந்த மட்டும்.

கூட வந்தவர்கள் பிரான்சிலிருந்து வந்த ஒரு வயதான தம்பதி. மிஷேல், அவர் மனைவி கொலேத். இரண்டு கையிலும் ஊன்றுகோல் வைத்திருந்தார்கள். நொண்டியோ என்று அஞ்சலாட்சி பரிதாபப்பட்டாள். மலை ஏறுவதற்காம். மிஷேல் தபால் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். நானும் ஓய்வு பெற்றவன் என்று தெரிந்ததும் எங்களுக்குள் மொழிப் பிரச்சினை தீர்ந்துவிட்டது. உயிரோடு இருக்கிறேன் என்று நம் ஊரில் வருஷா வருஷம் சான்று கொடுக்கிறோம் அல்லவா, அங்கேயும் வெளிநாட்டில் குடியிருக்கிறவர்களைக் கேட்கிறார்களாம். மொராக்கோவில் குடியேறிய அவர் அண்ணனுடைய சான்று போய்ச்சேரத் தாமதமானதில் சில மாதம் அவர் இறந்தவராக இருந்தாராம். "பிறகு உயிர்ப்பித்தார்கள். மன்னிப்புக் கேட்கவில்லை" என்றார் மிஷேல். உலகம் ஒன்றுதான் என்று எனக்கு அடிக்கடி தோன்றாது. அப்போது தோன்றியது.

வண்டி ஏறிக்கொண்டே இருந்தது. முதலில் வாழை, அப்புறம் மாடு மேய்கிற பச்சை வெளி, அப்புறம் குட்டை மரங்கள், அப்புறம் ஒன்றுமே இல்லை. சிவப்பும் கறுப்புமாகச் சாம்பல் பரந்த ஒரு வெட்டவெளி. பாகூர் ஏரி கோடையில் வற்றி, அதற்கு யாரோ தீயும் வைத்துவிட்டால் இப்படி இருக்கலாம். கொலேத் "நிலா மாதிரி" என்று படம் எடுத்தாள். அஞ்சலாட்சி ஜன்னலில் முகத்தை வைத்துப் பார்த்துவிட்டு, "இன்னாங்க இது, ஒரு புல்லுகூட மொளைக்கல" என்றாள். பிறகு, "போன் வந்துதா?" என்றாள்.

வரவில்லை. வர வழியும் இல்லை. சாம்பல் தொடங்கிய இடத்தில் சிக்னல் முடிந்துவிட்டது. நித்யாவுக்கு ஸ்கேன் காலையில்தான். நான் போனை வெளியே எடுப்பதும் பார்ப்பதும் சட்டைப்பைக்குள் வைப்பதுமாக இருந்தேன். அவள் என்னைப் பார்ப்பதும் ஜன்னலைப் பார்ப்பதுமாக இருந்தாள்.

எரிமலை வாய் தெரியும் என்று சொல்லப்பட்ட இடத்தில் இறங்கினோம். அங்கே ஒரு கம்பித் தடுப்பு, ஒரு பலகை, அதற்கு அப்பால் பால் ஊற்றியது மாதிரி மூடுபனி. குளிர் என்றால் ஊட்டிக்குப் போய் சால்வை போர்த்திப் படம் எடுத்துக்கொள்கிற குளிர் இல்லை, காதைப் பிடித்துத் திருகுகிற குளிர். அஞ்சலாட்சி மகளின் ஷூவும், மணிக்கட்டைத் தாண்டித் தொங்கும் மாப்பிள்ளையின் ஸ்வெட்டரும் போட்டுக்கொண்டு, புடவைத் தலைப்பைத் தலையில் சுற்றியிருந்தாள்.

முத்துசாமி பனியை நோக்கிக் கையை நீட்டி, "அதோ, எரிமலை" என்றார்.

"எங்கே?"

"அந்தப் பக்கம். பத்து நிமிஷத்தில் விலகிவிடும். எனக்கு இந்த மலையைத் தெரியும்."

பத்து நிமிஷம் ஆயிற்று. "காற்று மாறுகிறது. இன்னும் பத்து நிமிஷம்" என்றார். எங்கள் அலுவலகத்தில் அதிகாரி எப்போது வருவார் என்று கேட்கிறவர்களுக்கு நாங்கள் சொன்ன பதிலும் இதுதான். எனவே நான் பலகையில் இருந்த எரிமலைப் படத்தைச் சாவகாசமாகப் பார்த்து, அதையே போனில் படம் எடுத்துக்கொண்டேன். பனி விலகவில்லை. பக்கத்தில் நின்ற மிஷேல் மட்டும் அவ்வப்போது தெரிந்தார்.

"தீ எரியற எடம் இன்னாங்க இவ்ளோ சில்லுன்னு இருக்குது?" என்றாள் அஞ்சலாட்சி. அவள் பனியையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள். சாமி சந்நிதியில் திரை விலகக் காத்திருக்கிற பார்வை அது. அப்போது எனக்குப் புரியவில்லை.

மத்தியானச் சாப்பாடு மலையிலிருந்து இறங்கும் வழியில் ஒரு வீட்டில். விறகடுப்புச் சமையல். உள்ளே நுழைந்ததுமே இஞ்சி பூண்டு வதங்கும் வாசனை மூக்கைப் பிடித்து இழுத்தது. சோறு, பருப்பு, கோழிக் குழம்பு, தொட்டுக்கொள்ளக் காரமாகத் தக்காளிப் பச்சடி ஒன்று. அவர்கள் அதை ரூகாய் என்கிறார்கள். நம் ஊறுகாய்க்கு அது தூரத்து உறவாக இருக்க வேண்டும். கூடவே முருங்கைக்கீரை! கடல் தாண்டி வந்து முருங்கைக்கீரையைப் பார்த்ததில் எனக்குச் சொந்தக்காரனைப் பார்த்த சந்தோஷம்.

வீட்டுக்கார அம்மாள் அஞ்சலாட்சியின் தட்டில் கோழியைப் போட வந்தாள். அஞ்சலாட்சி தட்டைக் கையால் மூடினாள். அம்மாள் அடுத்துப் போனது முத்துசாமியிடம். அவரும் தட்டை மூடினார். அப்போதுதான் கவனித்தேன், அவருக்கு முன்னால் இருந்தது தட்டு அல்ல, வாழையிலை.

"நான் விரதம். எங்கள் கோயிலில் தீமிதி வருகிறது" என்று சொல்லி, சட்டைக் கையை மேலே தள்ளி மணிக்கட்டைக் காட்டினார். மஞ்சள் நூலில் ஒரு துண்டு மஞ்சள் கட்டியிருந்தது.

அஞ்சலாட்சிக்கு அவர் பேச்சு ஒரு எழுத்தும் புரிந்திருக்காது. ஆனால் அந்தக் கையைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்க்காமல், மாப்பிள்ளையின் ஸ்வெட்டரை மேலே இழுத்து, வளையல்களை முழங்கைப் பக்கம் ஏற்றினாள். வளையலுக்கு அடியில், அழுக்கேறி நிறம் மங்கி, அதே நூல். அதே மஞ்சள்.

கையில் எடுத்த சோற்றைத் தட்டிலேயே வைத்தேன்.

எங்கள் ஊர் திரௌபதி அம்மன் கோயில் தெரியாதவர்களுக்காக ஒரு விளக்கம். தீ மிதிப்பதாக வேண்டிக்கொண்டவர்கள் காப்புக் கட்டிக்கொள்வார்கள். கட்டிய நாள் முதல் கவிச்சி கூடாது, பாயில் படுக்கக்கூடாது, முக்கியமாக ஊர் எல்லையைத் தாண்டக்கூடாது. தீ மிதித்த பிறகுதான் காப்பை அவிழ்ப்பார்கள். இந்த வருஷம் கட்டிக்கொள்ளப் போகிறாயா என்று போன் வருவதற்குச் சில நாள் முன் நான் கேட்டேன். இல்லை என்றாள். ஊரில் தீமிதி முடிந்து ஒரு வாரம் ஆகிவிட்டது.

"எப்போ கட்டின இத?"

"ஊர்லதான்."

"இல்லேன்னு சொன்னியே."

"நீங்க கேக்கசொல்ல இல்ல. அப்பால போயி கட்டிக்கினேன். மறுநாளே பாப்பா போன் பண்ணிடுச்சி."

எங்கள் அலுவலகத்தில் இருந்திருந்தால் நல்ல பதவிக்கு வந்திருப்பாள்.

"காப்பு கட்டினு எல்ல தாண்டக்கூடாதுன்னு தெரியாதா உனக்கு?"

"தெரியும். பெத்த பொண்ணு போன்ல அழுவுது. எல்லையாம் எல்ல." கையை மடிக்கு இழுத்துக்கொண்டாள். "அவளுக்காகத்தாங்க வேண்டிக்கினேன். இப்ப மிதிக்கவும் இல்ல, அவுக்கவும் முடியல. தீ மிதிக்காத இத்த அவுத்தா அது அவ வயித்துலதான் வந்து வுழும். இன்னிக்கி ஸ்கேனு. நான் இன்னா பண்ணுவேன்?"

ஒதியம்பட்டு எல்லை எந்த வாய்க்காலோடு முடிகிறது, எந்தப் புளியமரத்தில் திரும்புகிறது என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். அந்த எல்லையைத் தாண்டி, சென்னை தாண்டி, கடல் தாண்டி, பூமத்திய ரேகையும் தாண்டி அந்த நூல் வந்திருக்கிறது. வழியில் ஒவ்வொரு விமான நிலையத்திலும் என் பெல்ட்டைக் கழற்றச் சொன்னார்கள். அவள் வளையலை இரண்டு இடத்தில் தட்டிப் பார்த்தார்கள். மஞ்சள் கொம்பு தாவர வகையில் சேரும், அறிவித்துவிட்டுத்தான் கொண்டுவர வேண்டும். அதை யாரும் பார்க்கவில்லை, கணவன் உட்பட.

இந்தக் காப்பு, எல்லை இவற்றிலெல்லாம் எனக்கு நம்பிக்கை கிடையாது. ஆனால் அவள் அந்தக் கையை மடியில் மறைத்துக்கொண்டு இத்தனை நாள் தரையில் படுத்திருக்கிறாள்.

என் பள்ளிக்கூட பிரெஞ்சில் முத்துசாமியிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் கேட்கக் கேட்க இலையில் கையை உதறிவிட்டு நிமிர்ந்தார். "காப்போடு விமானத்திலா? எங்கள் பூசாரி கேட்டால் மயக்கம் போட்டுவிடுவார்" என்றார். பிறகு முகம் மலர்ந்தது. "கவலை வேண்டாம். எங்கள் கோயிலில் இன்னும் மூன்று வாரத்தில் தீமிதி. கூட்டி வாருங்கள்."

மொழிபெயர்த்தேன். "மூணு வாரமா?" என்றாள் அஞ்சலாட்சி. "ஸ்கேனு இன்னிக்கிடா ராஜா." முத்துசாமிக்கு அது புரியவில்லை. ஆனால் "ராஜா" என்பது பிடித்துப்போய்த் தலையாட்டினார்.

வண்டி மறுபக்கமாகக் கடலுக்கு இறங்கியது. வழியில் ஒரு தேவாலயத்தில் நிறுத்தினார். பல வருஷம் முன்பு நெருப்புக் குழம்பு மலையிலிருந்து ஊருக்குள் வந்து, இந்தத் தேவாலயத்தின் வாசல் வரைக்கும் வந்து, இரண்டாகப் பிரிந்து சுவரைச் சுற்றிக்கொண்டு போயிருக்கிறது. கறுத்து இறுகிய குழம்பு இன்னும் வாசற்படியில் அப்படியே நிற்கிறது. கொலேத் சிலுவை போட்டுக்கொண்டாள். அஞ்சலாட்சி ஷூவைக் கழற்றிவிட்டு உள்ளே போய், மாதா முன்னால் நின்று என்னவோ சொன்னாள். நான் போனைப் பார்த்தேன். ஒரு கோடு வந்தது. சந்தோஷப்படுவதற்குள் போய்விட்டது.

அடுத்து நிறுத்திய இடம்தான் எல்லாவற்றுக்கும் காரணம். மலையிலிருந்து கடல் வரை ஊரும் இல்லை, கரும்பும் இல்லை, கறுப்புப் பாறை மட்டும். ஒவ்வொரு முறை எரிமலை பொங்கும்போதும் குழம்பு இந்தச் சரிவில்தான் இறங்குமாம். சாலையை மூடிவிடுமாம். ஆறியதும் அதன் மேலேயே புதிதாகச் சாலை போடுவார்களாம். எங்கள் பக்கம் மழைக்கு மழை சாலை போடுவது நினைவுக்கு வந்தது. அங்கே மழை, இங்கே எரிமலை, காண்ட்ராக்டர்களுக்குக் கடவுள் எங்கும் ஒரு வழி வைத்திருக்கிறார்.

தூறல் போட்டுக்கொண்டிருந்தது. அந்தத் தூறலில் பாறை புகைந்துகொண்டிருந்தது. இடுக்குகளிலிருந்து வெள்ளையாக ஆவி எழுந்து சாலையோரமாகத் தவழ்ந்தது.

"ஏன் பொகையிது?" என்றாள் அஞ்சலாட்சி.

கேட்டுச் சொன்னேன். "உள்ளே இன்னும் சூடு இருக்கிறதாம். ஆறப் பல வருஷம் ஆகுமாம்."

"அப்ப இது நெருப்பு ஓடன எடம்."

"ஆமாம்."

"நெருப்புதான் இது."

அவள் சாலையோரத்தில் உட்கார்ந்து மகளின் ஷூவைக் கழற்ற ஆரம்பித்தாள்.

முத்துசாமி ஓடி வந்தார். கூடாது, முடியாது, இந்தப் பாறை கண்ணாடிச் சில்லு மாதிரி, காலைக் கிழித்துவிடும், பயணிகள் ஷூ இல்லாமல் இறங்கக்கூடாது என்பது விதி, ஏதாவது ஆனால் என் உரிமம் போய்விடும் என்று இரண்டு கையையும் விரித்து மறித்தார். ஒரு கையில் அவருடைய காப்பு. அஞ்சலாட்சி அந்தக் கையைத் தொட்டு, தன் கையையும் பக்கத்தில் வைத்துக் காட்டினாள். அவர் என்னைப் பார்த்தார், காப்பாற்றுங்கள் என்பதுபோல.

விதி என்று அவர் சொல்லாமல் இருந்திருந்தால் நான் அவர் பக்கம்தான் பேசியிருப்பேன். விதி என்ற சொல்லைக் கேட்டதும் என் கால்கள் தாமாக அறிவிப்புப் பலகையை நோக்கி நடந்தன. மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு மேலிருந்து கீழே ஒரு தரம் படித்தேன். கீழிருந்து மேலே ஒரு தரம்.

"முத்துசாமி, இதில் குறியிட்ட பாதையை விட்டு விலகக்கூடாது என்றுதான் இருக்கிறது. பாதையில் ஷூ போட வேண்டும் என்று எங்கேயும் இல்லை."

"அது எங்கள் நிறுவனத்தின் விதி."

"பாதையில் நடப்பவர் தன் பொறுப்பில் நடக்கிறார் என்றும் இருக்கிறது. அவள் தன் பொறுப்பில் நடக்கிறாள், நான் சாட்சி. அந்த வழவழப்பான பாறை, அதோ வெள்ளைக் குறிக்கு உள்ளேதானே வருகிறது?"

அவர் திரும்பிப் பார்த்தார். பாதை தொடங்கும் இடத்திலேயே ஒரு பாறை, கயிறு திரித்துப் போட்டதுபோல மடிப்பு மடிப்பாக, ஆனால் வழுவழுவென்று, ஒரு களத்துமேட்டின் அகலத்துக்குப் படுத்திருந்தது. அதன் ஓரங்களிலிருந்து ஆவி வந்துகொண்டிருந்தது.

"நீங்கள் வக்கீலா?" என்றார் முத்துசாமி.

"அதைவிட மோசம். கொம்யூன்."

அவருக்கு அது நன்றாகப் புரிந்தது. அந்தத் தீவிலும் கொம்யூன்கள் உண்டு. வாய்விட்டுச் சிரித்தார். பிறகு போய்க் குனிந்து, குழந்தைக்கு வெந்நீர் பதம் பார்ப்பதுபோல உள்ளங்கையை அந்தப் பாறையில் இடம் இடமாக வைத்துப் பார்த்தார். ஓர் இடத்தில் கையை வெடுக்கென்று எடுத்தார். "இங்கே வேண்டாம். இந்தக் கோட்டிலே மட்டும். நீங்கள் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள்."

"இன்னா சொல்றாரு?"

"நட என்கிறார்."

அஞ்சலாட்சி தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டாள். வேப்பிலை இல்லையே என்று சுற்றும் முற்றும் பார்த்தாள். அந்தப் பாறை இடுக்கில் முளைத்திருந்த பெரணி ஒன்று கண்ணில் பட்டது. அவள் கை போன திசையைப் பார்த்து, "செடியைப் பறிக்கக்கூடாது, அது பலகையில் இருக்கிறது" என்றேன். "த, சும்மா இருங்க" என்று சொல்லிவிட்டு வெறும் கையைக் கூப்பிக்கொண்டாள். என்னைப் பிடிக்கவிடவில்லை.

காலை வைத்தாள். முகம் சுருங்கியது. சூடா, கூர்மையா, தெரியவில்லை. நின்றுவிடுவாள் என்று நினைத்தேன். அப்போது எனக்குப் பின்னாலிருந்து முத்துசாமி அடிவயிற்றிலிருந்து கத்தினார்: "கோவிந்தா!"

பேச்சு போய்விட்டது என்று எழுதினேனே, இது மட்டும் போகவில்லை. எங்கள் ஊரில் தீக்குழியின் ஓரத்தில் நின்று சனம் எழுப்புகிற அதே கத்தல், அதே இழுப்பு. அஞ்சலாட்சி "கோவிந்தா! கோவிந்தா!" என்று பதிலுக்குக் கத்திக்கொண்டே விடுவிடுவென்று நடந்தாள். தூறலிலும் ஆவியிலும் அவள் முழங்காலுக்குக் கீழே எதுவும் தெரியவில்லை. மிஷேல் என்ன ஏது என்று கேட்காமல் தொப்பியைக் கழற்றிக்கொண்டார். கொலேத், நல்ல பிரெஞ்சு உச்சரிப்பில், "கோவிந்தா" என்றாள். நானும் சொன்னேனா என்று பிறகு அஞ்சலாட்சி கேட்டாள். சத்தத்தில் தெரியவில்லை என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

மறுமுனைக்குப் போய்ச் சேர்ந்தவள் இறங்காமல் அங்கேயே நின்றாள். "பால் குழி வோணுமே" என்றாள். தீ மிதித்தவர்கள் கடைசியில் பாலில் கால் நனைக்க வேண்டும். மொழிபெயர்க்கத் தேவையிருக்கவில்லை. முத்துசாமி ஏற்கெனவே வண்டிக்கு ஓடிக்கொண்டிருந்தார். மாலைக் காப்பிக்கு வைத்திருந்த பால் பாக்கெட்டையும், பழம் கழுவுகிற பிளாஸ்டிக் தொட்டியையும் கொண்டுவந்தார். தொட்டியில் பாலை ஊற்றினார். அஞ்சலாட்சி அதில் இரண்டு காலையும் வைத்தாள். உள்ளங்கால் சிவந்திருந்தது. கிழியவில்லை. கட்டைவிரலில் மட்டும் ஒரு சின்னக் கீறல்.

"இது ஆயுர்வேதமா?" என்று கொலேத் என்னிடம் ரகசியமாகக் கேட்டாள். ஆமாம் என்றேன். எல்லாவற்றையும் விளக்க வேண்டும் என்று விதி இல்லை.

காப்பை அவிழ்க்கும்படி அஞ்சலாட்சி முத்துசாமியிடம் கையை நீட்டினாள். அவர் பின்வாங்கினார். தன் காப்பே இன்னும் கையில் இருக்கும்போது அடுத்தவர் காப்பைத் தொடக்கூடாது என்றார். சரியான பதிலா என்று எனக்குத் தெரியாது. அவருக்கும் தெரிந்திருக்காது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் உறுதியாகச் சொன்னார். கை என் பக்கம் திரும்பியது.

"நான் பூசாரி இல்லையே."

"பரவாயில்ல. அவுருங்க."

நூல் நனைந்து முடிச்சு இறுகிப்போயிருந்தது. நகத்தால் முடியவில்லை. மிஷேல் ஒரு சின்னக் கத்தியை நீட்டினார். அறுக்கக்கூடாது என்று அஞ்சலாட்சி தலையை ஆட்டினாள். கடைசியில் அவள் மணிக்கட்டில் வாயை வைத்துப் பல்லால் இளக்கினேன். மஞ்சளும் வியர்வையும் பாலும் கலந்து ஒரு ருசி. கல்யாணம் ஆகி இத்தனை வருஷத்தில் நாலு பேர் பார்க்க அவள் கையில் நான் வாய் வைத்தது அன்றுதான். அவிழ்ந்ததும் அதைக் கடலில் போட வேண்டும் என்றாள். கடல் கீழே, பாதைக்கு வெளியே இருந்தது. நூலைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டேன். அங்கேதான் போனும் இருந்தது.

அன்று மாலை எல்லோரும் கறுப்புக் காப்பி குடித்தோம். யாரும் பால் கேட்கவில்லை.

பாறை வெளி முடிந்து, முதல் வீடுகளும் வாழைகளும் தென்பட்ட இடத்தில் சட்டைப்பை துடித்தது. நித்யாவிடமிருந்து செய்தி. போனை இரண்டு தரம் கீழே போட்டு எடுத்தேன். அஞ்சலாட்சி முன் சீட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு, என் முகத்தை மட்டும் பார்த்தாள்.

"யப்பா, கொழந்த ஹார்ட் நல்லா இருக்குதாம். முன்னாடி கொழந்த திரும்பிப் படுத்திருந்ததால தெரியலயாம். டாக்டர் ஒண்ணுமில்லனு எழுதிக் கொடுத்துட்டாரு. அம்மாகிட்ட சொல்லு. எங்கதான் இருக்கீங்க ரெண்டு பேரும்?"

உரக்கப் படித்தேன். இன்னொரு தரம் படிங்க என்றாள். படித்தேன். பிறகு அவள் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். கொலேத் அவள் தோளைப் பிடித்துக்கொண்டு காரணம் தெரியாமலேயே அழுதாள். முத்துசாமி கண்ணாடி வழியாகப் பார்த்து, நான் சொன்னதைக் கேட்டு, ஹாரனை நீளமாக அடித்தார்.

அழுது முடித்த அஞ்சலாட்சி மூக்கைச் சிந்திவிட்டு நிமிர்ந்தாள்.

"மத்தியானம் அந்தக் கோழிக் கொழம்பு இருந்துதே. மிச்சம் இருக்குதான்னு கேளுங்க."

இருந்தது. வீட்டுக்கார அம்மாள் ஒரு டப்பாவில் கட்டிக் கொடுத்திருந்தாளாம், யாருக்காவது உதவும் என்று. ஆறிப்போன குழம்பு. சோறும் இல்லை. அவள் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு, ஓடுகிற வண்டியில், எலும்பைக் கடித்து உறிஞ்சிச் சாப்பிட்டாள். காரம் பத்தல என்றாள். நிறுத்தவில்லை.

நான் போனை மறுபடி எடுத்துப் பார்த்தேன். பழக்கதோஷம். எந்தக் காகிதத்திலும் முதலில் தேதியைத்தான் பார்ப்பேன். நித்யா அதை அனுப்பியது காலையில். நாங்கள் மூடுபனியைப் பார்த்துக்கொண்டு நின்ற நேரம். அஞ்சலாட்சி அப்போது ஷூவைக் கழற்றியிருக்கவில்லை, பாறையை நாங்கள் பார்த்திருக்கவே இல்லை. மனு போகும் முன்பே உத்தரவு வந்திருக்கிறது.

சொல்லாமல் இருந்திருக்கலாம். சொன்னேன்.

அவள் மென்றுகொண்டே கேட்டாள். "அதனால இன்னா? நான் நடப்பேன்னு அம்மனுக்குத் தெரியாதா?"

பணியில் இருந்த காலத்தில் இந்த ஒரு காரணத்துக்காகவே கோப்பைத் திருப்பி அனுப்பியிருப்பேன். விளக்கம் கேட்டிருப்பேன். அவள் டப்பாவில் துழாவி, சதை இருந்த கடைசித் துண்டை எடுத்து என் பக்கம் நீட்டினாள். வாங்கித் தின்றேன். காரம் சரியாகத்தான் இருந்தது.